எங்கள் தெருவைத் தவிர்த்து ஒரு வழி

எழுபத்திரண்டாம் வருஷம் என்று நினைக்கிறேன், ஒன்று முன்னே பின்னே இருக்கலாம். ஆனால் நாள் மட்டும் நன்றாக நினைவிருக்கிறது: கார்த்திகை மாதத்து அமாவாசை. இடம் நான் பிறந்து வளர்ந்த அருப்புக்கோட்டை. அப்போது மதுரையில் ஒரு பெண்கள் கல்லூரியில், ஹாஸ்டலில் தங்கி, பி.ஏ. வரலாறு இரண்டாம் வருஷம் படித்துக்கொண்டிருந்தேன்.

எங்கள் வரலாற்று லெக்சரர் அம்மாவுக்கு ஒரு பழக்கம். வருஷத்துக்கு ஒரு தடவை பழைய ஊர் ஒன்றைத் தேர்ந்தெடுத்து, எங்களை அழைத்துப் போய், அதன் பழைய தெருக்களில் இரண்டு மணி நேரம் நடக்க வைப்பார். இப்போதெல்லாம் முன்கூட்டியே பெயர் கொடுத்து, தொப்பி போட்டுக்கொண்டு, தண்ணீர் பாட்டிலும் கையுமாக இப்படி நடக்கிறார்களாம், பக்கத்து வீட்டுப் பெண் சொல்கிறாள். அன்றைக்கு எங்களுக்கு ஆளுக்கொரு நோட்டும் பென்சிலும்தான். அந்த ஊர்க்காரப் பெண் யாராவது வகுப்பில் இருந்தால் அவள் முன்னால் நடந்து, இது இன்ன தெரு, இது இன்ன கோயில் என்று சொல்லிக்கொண்டே போக வேண்டும். அந்த வருஷம் காலையில் அருப்புக்கோட்டைத் தெருக்கள், பிறகு திருச்சுழிக் கோயில் என்று முடிவானது. ரிஜிஸ்டரில் என் ஊரைப் பார்த்துவிட்டு, "நீதாம்மா வழிகாட்டி" என்று சொல்லிவிட்டார்.

வகுப்பே கை தட்டியது. ரிஜிஸ்டரில் வேறு ஊரைக் கொடுத்திருக்கக் கூடாதா என்றிருந்தது எனக்கு.

ஏன் என்று சொல்கிறேன், கேளுங்கள். நாங்கள் நெசவுக் குடும்பம். வீட்டுக்குள் தெலுங்கு, வாசற்படி தாண்டினால் தமிழ். அப்பாவை நைனா என்றுதான் கூப்பிடுவேன். வீட்டில் இரண்டு தறி, ஒன்றில் நைனா, இன்னொன்றில் அம்மா. நூல் சுற்றியும், இழை பிணைத்தும், அந்தத் தறிச் சத்தத்திலேயே பாடம் படித்தும் வளர்ந்தவள் நான். எங்கள் தெருவிலிருந்து கல்லூரிக்குப் போன முதல் பெண் என்று நைனாவுக்கு ஏகப் பெருமை.

ஹாஸ்டலுக்குப் போன முதல் நாள், அறைத் தோழி, கோயம்புத்தூர் பக்கத்துப் பெண், "உங்கப்பா என்ன பண்றாங்க?" என்று கேட்டாள். "ஜவுளி" என்றேன். அதில் பொய் இல்லை. "கடையா?" என்றாள். தலையை ஆட்டிவிட்டேன். அரை நொடி ஆட்டிய அந்தத் தலைக்கு ஒன்றரை வருஷம் முட்டுக்கொடுக்க வேண்டியதாகிவிட்டது. கடைக்கு மாடி கட்டினேன். நாலு ஆள் வேலைக்கு வைத்தேன். சேலத்துக்கும் ஈரோட்டுக்கும் நைனாவைக் கொள்முதலுக்கு அனுப்பினேன். தெலுங்கை மூச்சு விடவில்லை. தூக்கத்தில் உளறிவிடுவேனோ என்று பயந்து, போர்வையை இழுத்து வாயை மூடிக்கொண்டு படுத்த ராத்திரிகள் உண்டு, சிரிக்காதீர்கள்.

நைனாவைப் பிடிக்காமல் இல்லை. நைனா மேல் எனக்கு உயிர். ஆனால் முழங்காலுக்கு மேல் தூக்கிக் கட்டிய வேட்டி, சட்டையில்லாத மேல், கஞ்சி காய்ந்து வெடித்த கை, இவற்றோடு அவரை அந்தப் பெண்களுக்கு நடுவே நிறுத்திப் பார்க்க எனக்குத் தைரியம் வரவில்லை. பத்தொன்பது வயதுக் கழுதைக்கு அவ்வளவுதான் புத்தி.

இப்போது வழிகாட்டி வேலை வேறு வந்து சேர்ந்தது. அறைத் தோழி குதித்தாள். "உங்க கடையில எனக்கு ஒரு சேலை எடுக்கணும்டி. அப்பாவைப் பார்க்கணும்." நான் ஒரு திட்டம் போட்டேன். எந்த நாள் போகலாம் என்று லெக்சரர் அம்மா கேட்டபோது, தினசரிக் காலண்டரைப் புரட்டி அமாவாசையைச் சொன்னேன். நெசவுக்காரர்களுக்கு அமாவாசைதான் விடுமுறை. தறி ஓடாது. தெருவில் பாவு இருக்காது. தோழியிடம், "அமாவாசைக்குக் கடை கிடையாது, அப்பா அன்னைக்குச் சேலத்துல இருப்பாங்க" என்று சொல்லிவிட்டேன். கண்மாய்க் கரை, சிவன் கோயில், பழைய மண்டபம், கடைத்தெரு, அப்படியே பஸ் நிற்கும் இடம் என்று ஒரு தாளில் படம் போட்டுக் காட்டினேன். நெசவுத் தெருக்கள் ஒன்றுகூட அதில் இல்லை. ஊருக்கு வருகிறேன் என்று வீட்டுக்கு ஒரு கார்டுகூடப் போடவில்லை.

பாவு என்று சொன்னேன் இல்லையா, தெரியாதவர்களுக்காக ஒரு வார்த்தை. சேலையில் நீளவாக்கில் ஓடுகிற நூல்தான் பாவு. ஆயிரக்கணக்கான இழைகளைத் தெருவின் நீளத்துக்கு இழுத்துக் கட்டி, இடையிடையே மூங்கில் கால்களை முட்டுக்கொடுத்து, காலை வெயிலில் கஞ்சி போட்டு, பெரிய பிரஷ்ஷால் நீவி நீவிக் காய வைப்பார்கள். அப்படி ஒரு பாவு கிடந்தால் அந்தத் தெருவில் குறுக்கே யாரும் போகக் கூடாது. மேலே தாண்டவும் கூடாது, கீழே குனிந்து நுழையவும் கூடாது. படுத்திருக்கிற மனுஷரைத் தாண்டுவது போல அது. சைக்கிளோ மாட்டு வண்டியோ, அதன் முனை வரைக்கும் போய்ச் சுற்றித்தான் வர வேண்டும்.

எல்லாம் யோசித்தேன். மழையை யோசிக்கவில்லை. அமாவாசைக்கு முந்தின மூன்று நாள் விடாமல் தூறல். ஹாஸ்டல் மெஸ்ஸில் பஜ்ஜி போட்டார்கள், நானும் ஜன்னலில் உட்கார்ந்து ரசித்துத் தின்றேன். ஊரில் மூன்று நாளாகப் பாவு போட முடியாமல் தெருவே முடங்கிக் கிடக்கும் என்பது எனக்கு உறைக்கவே இல்லை, தறிக்காரன் மகளாம்!

அமாவாசை அன்று விடியற்காலையில் பஸ் கிளம்பியது. இருபத்திரண்டு பெண்களும் லெக்சரர் அம்மாவும். பாளையம்பட்டியைத் தாண்டும்போது பொழுது விடிந்தது. வருஷம் முழுக்கப் பொரிந்து கிடக்கும் எங்கள் கரிசல் காடு அன்றைக்கு ஈரத்தில் ஊறி, பள்ளமெல்லாம் தண்ணீரும், தண்ணீர் மேல் புகைபோல் பனியுமாகக் கிடந்தது. பனை மரங்களுக்கு அடிமரம் தெரியவில்லை, தலை மட்டும் தெரிந்தது. எனக்கே என் ஊர் புதிதாக இருந்தது.

கண்மாய்க் கரையில் இறங்கி நடக்க ஆரம்பித்தோம். மூன்று நாள் கழித்து வந்த வெயில், மங்கலாக, மஞ்சளாக. எல்லாரும் மெதுவாகப் பேசினார்கள். ஈரத் தெருவில் செருப்புச் சத்தம்கூட அடங்கிக் கேட்டது. மல்லிகை அரும்பினால் ஊருக்குப் பெயர் வந்ததாகச் சொல்வார்கள் என்று ஆரம்பித்தேன். பழைய மண்டபத்தைக் காட்டி, ஒரு ராணி போருக்குப் போன ராஜாவுக்காக இதில்தான் காத்திருந்தாளாம் என்று அடித்துவிட்டேன். சத்தியமாக எந்த ராணியும் கிடையாது, அதில் சந்தை நாளில் ஆடு கட்டுவார்கள். ஆனால் அந்தக் காலை வேளையில் நான் சொன்னது எனக்கே நிஜமாகப் பட்டது. லெக்சரர் அம்மா நோட்டில் குறித்துக்கொண்டார். பொய் சொல்லிப் பழகிய வாய் இல்லையா, சரளமாக வந்தது.

மண்டபத்தைத் தாண்டிக் கடைத்தெருவுக்குத் திரும்பும் முக்கில், வழியை மறித்து ஒரு பாவு கிடந்தது.

நல்ல சிவப்பு. இடுப்பு உயரத்தில், தெருவின் இந்த முனையிலிருந்து அந்த முனை வரைக்கும், பனிக்குள் போய் மறைந்தது. பாவின் அந்தப் பக்கம் சைக்கிளைத் திருப்பிக்கொண்டிருந்த ஒருவர் எங்களைப் பார்த்து, "மூணு நா மழையில ஒரு வேலை ஓடலம்மா. இன்னைக்குத்தான் வெயிலு மூஞ்சியக் காட்டுது. அமாவாசையாவது ஒண்ணாவது! எல்லாத் தெருவுலயும் பாவு கெடக்கு, சுத்திப் போங்க" என்றார்.

"அடேயப்பா, என்ன அழகு!" என்றார் லெக்சரர் அம்மா. அறைத் தோழி, "இதுக்கு அடியில குனிஞ்சு போயிடலாமே" என்று முந்தானையைச் சொருகிக்கொண்டு குனிந்தாள். "ஐயோ, நுழையாதே!" என்று கத்திவிட்டேன். எல்லாரும் திரும்பிப் பார்த்தார்கள். "இங்க அப்படிப் போகக் கூடாதுன்னு... சொல்வாங்க" என்று சமாளித்தேன்.

சரி, சுற்றுவோம் என்று பாவின் ஓரமாகவே நடந்தோம். அதன் முனையில் திரும்பினால் அடுத்த தெருவில் பச்சைப் பாவு. அதைச் சுற்றிப் போனால் மஞ்சள். எந்தப் பக்கம் திரும்பினாலும் ஏதாவது ஒரு நிறம் குறுக்கே நின்றது. பனி, கஞ்சி வாசம், பிரஷ் இழுக்கும் சர்ர் சர்ர் என்ற ஒரே சத்தம். பெண்கள் நோட்டில் எழுதுவதை விட்டுவிட்டு, எங்கே போகிறோம் என்றுகூடக் கேட்காமல் என் பின்னால் வந்தார்கள். அவர்களுக்கு அது நல்ல கனவு. எனக்கோ, ஓட ஓடக் கால் நகராத கனவு. கையில் வைத்திருந்த படத்தாள் வியர்வையில் நனைந்துவிட்டது. ஒவ்வொரு திருப்பமும் என்னை ஓரிடத்துக்குத்தான் தள்ளிக்கொண்டு போகிறது என்று தெரிந்தது, ஆனால் நிற்கவும் முடியவில்லை.

மஞ்சள் பாவின் முனையில் திரும்பினோம். எங்கள் தெரு.

நாவல்பழ நிறத்தில் ஒரு பாவு தெருவை நிறைத்துக் கிடந்தது. ஒரு பக்கம் சித்தப்பா, ஒரு பக்கம் நைனா. இருவரும் ஆளுக்கொரு முனையில் பிரஷ்ஷைப் பிடித்து, ஒரே நடையாக, பாவை நீவிக்கொண்டே எங்களை நோக்கி வந்துகொண்டிருந்தார்கள். நான் பயந்த அதே கோலம்தான். வேட்டி தொடைக்கு மேல், தலையில் துண்டு, முழங்கை வரைக்கும் கஞ்சி.

நைனா என்னைப் பார்த்தார். முகம் அப்படியே மலர்ந்தது. கூப்பிட வாயைத் திறந்துவிட்டார்.

அதற்குள் அறைத் தோழி முந்திக்கொண்டாள். நல்ல பெண், யாரிடமும் கலகலவென்று பேசுவாள். "வணக்கமுங்க! நாங்க மதுரை காலேஜ்ல இருந்து ஊர் பார்க்க வந்திருக்கோம். இவ உங்க ஊருதாங்க. இவங்கப்பா பெரிய ஜவுளிக் கடை வச்சிருக்காங்களே, இன்னைக்குச் சேலம் போயிருக்காங்க, உங்களுக்குத் தெரிஞ்சிருக்குமே?"

நைனா அவளைப் பார்த்தார். என்னைப் பார்த்தார். நான் தரையைப் பார்த்தேன். எவ்வளவு நேரம் என்று கேட்டால் பிரஷ் ஒரு கை நகருகிற நேரம்தான் இருக்கும்.

"தெரியுமே" என்றார் நைனா. "பெரிய இடம்ல." பிறகு என்னைப் பார்த்துச் சொன்னார், "வாங்கம்மா. பாவு மேல படாம ஓரமா வாங்க."

என் வாழ்க்கையில் என் அப்பா என்னோடு தமிழில் பேசியது அதுதான் முதல் தடவை. பிறந்ததிலிருந்து எங்கள் பாஷையில் நீ, வா, போ என்று கூப்பிட்ட வாய், "வாங்கம்மா" என்றது. நெஞ்சில் மண்ணை அள்ளிப் போட்டது போல் இருந்தது.

அடுத்து அவர் குரலை உயர்த்தி, எங்கள் மொழியில், தெரு முழுக்கக் கேட்கும்படி ஒன்று சொன்னார். "நம்ம பிள்ளை பெரிய மனுஷங்களோட வந்திருக்கு. யாரும் தெரிஞ்ச மாதிரி காட்டிக்கிடாதீங்க" என்பதுதான் அது. எதிரே சித்தப்பா என்னைப் பார்த்துச் சிரிக்கப் போனவர், சிரிப்பை விழுங்கிவிட்டுக் குனிந்துகொண்டார். வீட்டு வாசலுக்கு வந்த அம்மா, கையில் நூல் கண்டோடு, கதவுக்குப் பின்னால் பாதி மறைந்து நின்றாள். என்னைத் தூக்கி வளர்த்த அத்தனை பேரும் வாசலில் நின்று, முன்பின் தெரியாத யாரையோ பார்ப்பது போல் என்னைப் பார்த்தார்கள். தெரிந்த முகமெல்லாம் நம்மைத் தெரியாதது போல் பார்ப்பது கனவில்தான் நடக்கும். எனக்குப் பட்டப்பகலில் நடந்தது.

"என்ன பாஷைடி அது? என்ன சொன்னார்?" என்று தோழி என் காதில் கேட்டாள்.

"தெலுங்கு போல இருக்கு. எனக்கென்ன தெரியும்?" என்றேன். சொன்னேனே, அதையும் சொன்னேன். இந்த வயதிலும் இந்த இடத்தை எழுதும்போது கை கூசுகிறது.

லெக்சரர் அம்மா நைனாவிடம் ஏதோ கேட்டார். பிரஷ்ஷை நிறுத்த முடியாது, நிறுத்தினால் கஞ்சி அந்த இடத்தில் திட்டாகக் காய்ந்துவிடும். அதனால் நைனா எங்கள் முனையில் திரும்பி, நடந்துகொண்டே பதில் சொன்னார், நாங்களும் பக்கத்திலேயே நடந்தோம். அந்தத் தெருவை அவர் சொன்ன மாதிரி நான் எந்தப் புத்தகத்திலும் படித்ததில்லை. தாத்தாவுக்குத் தாத்தா காலத்தில் இங்கே வந்து இறங்கியது, கருவேலங்காட்டை வெட்டியது, பஞ்சத்தில் கஞ்சி காய்ச்ச அரிசி இல்லாமல் சோளக் கஞ்சியைப் பாவுக்குப் போட்டுவிட்டு அதிலேயே ஆளுக்கொரு வாய் குடித்தது, எல்லாம் சொன்னார். "உங்க தெருவெல்லாம் இவ்வளவு நேராவும் நீளமாவும் இருக்கே, யார் திட்டம் போட்டது?" என்று லெக்சரர் அம்மா கேட்டார். நைனா சிரித்தார். "தெரு நீளத்துக்குப் பாவு போடலம்மா. பாவு நீளத்துக்குத் தெருவ விட்டாக." அன்றைக்கு நடந்த இரண்டு மணி நேரத்தில் எழுதிக்கொள்ளத் தக்க வரலாறு அது ஒன்றுதான். இருபத்திரண்டு பென்சிலும் ஓடின, என்னுடையதைத் தவிர.

நைனா எங்களைப் பார்த்துச் சொன்னதையெல்லாம், என்னையும் சேர்த்து, "உங்களுக்கு", "நீங்க" என்றே சொன்னார். ஒரு இடத்தில்கூடத் தவறவில்லை. எனக்கு அதில் தவறிவிட மாட்டாரா என்றிருந்தது.

அப்போதுதான் தோழி ஆசையாக இழைகளைத் தடவிப் பார்த்தாள். கண்ணாடி வளையலில் சிக்கி நாலைந்து இழை பட்டென்று அறுந்தது. "ஐயையோ!" என்று கையை உதறினாள், இன்னும் இரண்டு போயிற்று. நைனாவும் சித்தப்பாவும் பத்தடி தள்ளிப் போய்விட்டிருந்தார்கள். ஈரம் காய்வதற்குள் அறுந்த முனைகளைப் பிடிக்காவிட்டால், அத்தனை ஆயிரம் இழைக்குள் அது தொலைந்துவிடும், பிறகு சேலை முழுக்க ஒரு கோடு விழும்.

நான் யோசிக்கவே இல்லை. நோட்டு கீழே விழுந்தது தெரிந்தது. குனிந்தேன், முனையைத் தேடி எடுத்தேன், கட்டை விரலை நாக்கில் தொட்டேன், இரண்டு முனையையும் சேர்த்து ஒரு உருட்டு. ஒன்று. இரண்டு. மூன்று. ஆறு இழையும் முடிச்சு விழாமல் பிணைந்துவிட்டது. நிமிர்ந்தால் எல்லாரும் என்னையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். என் விரலெல்லாம் கஞ்சி.

"உனக்கு எப்படிடி இது தெரியும்?" என்றாள் தோழி.

நைனா தூரத்திலிருந்தே பதில் சொன்னார், அவசர அவசரமாக. "இந்த ஊருல பொறந்த பிள்ளைகளுக்கு இதெல்லாம் கைவந்துரும்மா. கடைக்காரவுக வீடுன்னா என்ன, எங்க தெருப் பக்கம் வெளாட வருவாகள்ல. பார்த்துப் பழகிருக்கும்."

நான் கட்டிய பொய்யை நானே இடித்துவிட்டேன், அவர் ஓடி வந்து முட்டுக்கொடுக்கிறார். அந்தக் குரலில் இருந்த பதைப்பைக் கேட்டீர்களென்றால் தெரியும். மகள் அவமானப்பட்டுவிடக் கூடாதே என்ற பதைப்பு. அவர் யாரென்று சொல்ல அவமானப்பட்டவளுக்காக!

பாவின் முனை வந்தது. சுற்றிக்கொண்டு போனால் கடைத்தெரு, அங்கே பஸ். லெக்சரர் அம்மா கடிகாரத்தைப் பார்த்தார். எங்கள் நடையில் ஒரு வழக்கம் உண்டு, உதவி செய்தவர்களுக்கு வழிகாட்டிப் பெண்தான் எல்லார் சார்பிலும் நன்றி சொல்ல வேண்டும். "ஐயாவுக்கு நன்றி சொல்லும்மா" என்றார்.

எல்லாரும் வட்டமாக நின்றார்கள். முனைக்கு வந்துவிட்டதால் பிரஷ்ஷைத் திருப்பிப் பிடிக்க நைனாவும் ஒரு நிமிஷம் நின்றார். துண்டை எடுத்து முகத்தைத் துடைத்துவிட்டு, நன்றி வாங்கிக்கொள்ளத் தயாராக, கையைக் கட்டிக்கொண்டு நின்றார் என் எதிரே. மரியாதையாக!

"ஐயா" என்று ஆரம்பிக்க வேண்டும். அதற்காகத்தான் வாயைத் திறந்தேன். அந்தக் கட்டிய கையைப் பார்த்தேன். "நைனா" என்றேன்.

அவர் என்ன செய்தார் தெரியுமா? திரும்பித் தன் பின்னால் பார்த்தார். நான் வேறு யாரையோ கூப்பிட்டேனாம். பின்னால் யார் நிற்கிறார்கள் என்று தேடுவது போல, அந்த வெறும் தெருவைப் பார்த்தார். கடைசி வரைக்கும் என்னைக் காட்டிக்கொடுக்க அவருக்கு மனசு வரவில்லை.

உடைந்துவிட்டேன். "நைனா, உங்களைத்தான்" என்று எங்கள் மொழியில் சொல்லிக்கொண்டே போய் அந்தக் கஞ்சிக் கையைப் பிடித்துக்கொண்டேன். பிறகு தமிழில் எல்லாருக்கும் சொன்னேன், "இவுகதான் எங்கப்பா. கடையெல்லாம் கிடையாது. அதுதான் எங்க வீடு."

சேலை கஞ்சியாகிவிடும் என்று நைனா என் கையை மெல்ல விலக்கினார், புறங்கையால் கண்ணைத் துடைத்துக்கொண்டார், பிறகு எங்கள் மொழியில், தினமும் பள்ளிக்கூடம் விட்டு வந்ததும் கேட்பாரே அதே குரலில், "சாப்பிட்டியா?" என்றார். நான் இல்லை என்று தலையாட்டினேன். அவ்வளவுதான், கதவுக்குப் பின்னாலிருந்து அம்மா வெளியே வந்து பிடித்துக்கொண்டாள். ஊருக்குள் வந்துவிட்டு வீட்டு வாசலைத் தாண்டிப் போகிறாயே, நீயெல்லாம் ஒரு பெண்ணா என்று, இருபத்திரண்டு பேர் முன்னாலும், சுத்தத் தெலுங்கில். ஒருத்தருக்கும் ஒரு வார்த்தை புரியவில்லை, ஆனால் எல்லாருக்கும் புரிந்துவிட்டது. யாரோ சிரித்தார்கள். சித்தப்பாதான், "ஏய், பாவு காயுது!" என்று அந்தப் பக்கமிருந்து சத்தம் போட்டார். நைனா பிரஷ்ஷைப் பிடித்துக்கொண்டு நடக்க ஆரம்பித்தார்.

அம்மா பத்து நிமிஷத்தில் பெரிய போணிப் பாத்திரம் நிறையச் சுக்குக் காப்பி போட்டுவிட்டாள். தெரு முழுக்க வீட்டுக்கு நாலு டம்ளர் வாங்கி, எல்லாரும் பாவு ஓரமாக நின்று குடித்தோம். லெக்சரர் அம்மா என்னிடம் ஒன்றும் கேட்கவில்லை. பஸ் ஏறும்போது மட்டும், "அந்த மண்டபத்து ராணியையும் அடிச்சிடவா?" என்று நோட்டைக் காட்டிக் கேட்டார். அடித்துவிடுங்கள் என்றேன்.

அறைத் தோழி மட்டும் திருச்சுழிக் கோயிலிலும் பேசவில்லை, ஹாஸ்டலுக்குத் திரும்பியும் பேசவில்லை. இரண்டு நாள் பொறுத்துப் பார்த்துவிட்டு, "பொய் சொன்னதுக்கு மன்னிச்சிக்கோடி" என்றேன். "பொய் சொன்னதுக்கு யாருடி கோவிச்சுக்கிட்டா?" என்று வெடித்தாள். "அந்த மனுஷனை உன்னை 'வாங்கம்மா'ன்னு சொல்ல வச்சியே! உனக்கு எப்படி மனசு வந்துச்சு?" சொல்லிவிட்டு அவளும் அழுதாள். அவள் கல்யாணச் சேலை நைனா தறியில் நெய்ததுதான்.

அதற்குப் பிறகு நைனா இருபது வருஷம் இருந்தார். அந்தக் காலையைப் பற்றி அவராக ஒரு நாளும் ஒரு வார்த்தை பேசியதில்லை. நான் ஒரு தடவை துணிந்து, "அன்னைக்கு என் மேல கோபமே வரலையா?" என்று கேட்டேன். "வந்துச்சு. ஆனா நீ பிணைச்ச ஆறு இழையும் நல்லா நின்னுச்சு" என்று சொல்லிவிட்டுத் தறிக் குழிக்குள் இறங்கிவிட்டார். கடைசி நாள் வரைக்கும் நீ, வா, போ தான், எங்கள் மொழியில்தான்.

நான் பிறகு ஆசிரியை ஆனேன். பள்ளியிலும் ஊரிலும் எத்தனையோ பேர் எழுந்து நின்று "வாங்கம்மா" என்று வரவேற்றிருக்கிறார்கள். ஒவ்வொரு முறையும் சிரித்துக்கொண்டே உள்ளே போயிருக்கிறேன், ஆனால் பெற்ற தகப்பன் வாயிலிருந்து அந்த மரியாதையை வாங்கிய மகளுக்கு, வேறு யாருடைய மரியாதையும் இன்றுவரை இனித்ததில்லை.